மந்திரியின் மோதிர விரல்

நாட்டைப் பற்றி எந்த ஆவணப்படம் எடுத்தாலும் அந்த மனுஷர் வந்து நின்றுவிடுகிறார். ஆற்றைப் பற்றிய படம் என்றால் ஆற்றுக்குப் பூத் தூவுவார். கோதுமை என்றால் வயலில் இறங்கி ஒரு கதிரைத் தடவிக்கொடுப்பார். வெள்ளம் என்றால் ஹெலிகாப்டர் ஜன்னலில் அவர் முகம். சொட்டு மருந்து என்றால் ஒரு குழந்தையைத் தூக்கி வைத்திருப்பார். குழந்தை வீறிட்டு அழும், அவர் சிரித்துக்கொண்டிருப்பார். பதினெட்டு வருஷமாக ஹைதராபாதில் ஆவணப்படங்களுக்குத் தமிழ்க் குரல் கொடுக்கிறேன். நாற்பது படங்களுக்கு மேல் ஆகிறது. அவர் வராதது இரண்டே இரண்டு. ஒன்று கடலாமைகளைப் பற்றியது, இன்னொன்று பல் தேய்ப்பதைப் பற்றியது. பல் படத்திலும் அவர் சிரிப்பைக் காட்டியிருக்கலாம், யாருக்கோ ஞாபகம் வரவில்லை.

அவர் பெயரைச் சொல்ல மாட்டேன். சொன்னால் இந்தக் கதையிலும் முன்வரிசையில் வந்து உட்கார்ந்துகொள்வார். இது என் அப்பா சிலாஸின் கதை. வயது எழுபத்திரண்டு, ஓய்வு பெற்ற ஃபிட்டர். சாயர்புரத்துக்காரர். இருபத்தோரு வயதில் தகரப் பெட்டியும் ஐடிஐ சர்டிபிகேட்டுமாக செகந்திராபாத் ஸ்டேஷனில் வந்து இறங்கியவர். வலது கை மோதிர விரலில் மேல் இரண்டு கணு கிடையாது. கோபம் மட்டும் முழுசாக இருக்கிறது.

பட்டான்செரு போகிற வழியில் அப்போது சர்க்கார் பம்ப் ஆலை ஒன்று இருந்தது. இன்று அந்த இடத்தில் நீச்சல் குளம் வைத்த அடுக்குமாடி வீடுகள் நிற்கின்றன. அந்த ஆலையில்தான் முப்பத்தொரு வருஷம் அப்பா வேலை பார்த்தார். காலை ஐந்தே காலுக்கு போவன்பள்ளி முக்கில் கம்பெனி பஸ். பஸ் டிரைவரிடம் சண்டை, கேண்டீனில் சாம்பாருக்குச் சண்டை, கோயிலில், அதாவது சர்ச்சில், பாட்டு இழுத்துப் பாடுகிறார்கள் என்று பாடகர் குழுவோடு சண்டை. ஆனால் இயந்திரத்துக்கு முன்னால் போய்விட்டால் மனிதர் வாயே திறக்க மாட்டார். ஸ்குரூடிரைவரின் நுனியை பேரிங் மேல் வைத்து, பிடியைக் காதில் வைத்துக்கொண்டு கண்ணை மூடி நிற்பார். உள்ளே என்ன கோளாறு என்று அந்தச் சத்தத்திலேயே சொல்லிவிடுவார். வீட்டிலும் அப்படித்தான். மிக்ஸி ஓடினால் சமையலறைக்கு வந்து காதைக் கொடுப்பார். அம்மா கரண்டியால் விரட்டுவாள்.

எனக்கு ஆறு வயதானபோது ஆலையில் ஒரு பெரிய பம்ப் தயாரானது. ஆற்றுத் தண்ணீரை மேட்டுக்கு ஏற்றுவதற்கு. அவ்வளவு பெரியதை அங்கே அதற்கு முன் செய்ததில்லை. அப்போது மத்திய மந்திரியாக இருந்த நம் தலைவர் வந்து அதை ஓட்டிவைப்பார் என்று தேதி குறித்துவிட்டார்கள். மூன்று மாத வேலையை ஏழு வாரத்தில் முடி என்றார்கள். யார் உயிர் போனால் என்ன, மந்திரி தேதி தவறக் கூடாது.

மந்திரி வருவதற்கு இருபத்திரண்டு நாள் இருக்கும்போது, பம்பின் மேல்மூடியைச் சங்கிலியில் தொங்கவிட்டு இறக்கினார்கள். சங்கிலி வழுக்கியது. அப்பாவின் மோதிர விரல் மூடிக்கு அடியில் மாட்டிக்கொண்டது.

அந்த ஷெட்டுக்குள் நுழைந்ததும் கண்ணில் படுகிற இடத்தில் ஒரு போர்டு உண்டு. 'விபத்தில்லா நாட்கள்' என்று மூன்று மொழியில் எழுதி, பக்கத்தில் தினமும் எண்ணிக்கையை மாற்றுவார்கள். மந்திரி வருகிற அன்று அது சரியாக முந்நூறு. முந்நூறு என்று பெரிதாகத் தகட்டில் பெயிண்ட் அடித்து, மாலை போட ஆணியும் அடித்து வைத்தாகிவிட்டது. ஒரு ஃபிட்டரின் ஒண்ணரை அங்குல விரலுக்காக அந்தத் தகட்டை வீணாக்குவார்களா? ஆஸ்பத்திரிக்கு ஓர் அதிகாரி டைப் அடித்த காகிதத்தோடு வந்தார். வீட்டில் தேங்காய் வெட்டும்போது அரிவாள் பட்டு விரல் போனது என்று அதில் இருந்தது. வலது கையில் கட்டு இருந்ததால் அப்பாவால் கையெழுத்துப் போட முடியவில்லை. இடது கைப் பெருவிரலில் மையைத் தடவி உருட்டிக்கொண்டு போனார்கள். நன்றாக எழுதப் படிக்கத் தெரிந்த மனிதர், கைநாட்டு வைத்தார்.

"நீங்க ஏம்ப்பா வச்சீங்க?" என்று பிற்பாடு எத்தனையோ தடவை கேட்டிருக்கிறேன்.

"எல்லாவனும் சேந்து உழைச்சதுட்டி. நம்ம ஒருத்தனால முந்நூறு போயிரக் கூடாதேன்னு நெனச்சேன்" என்பார். அடுத்த நிமிஷமே, "கூறுகெட்ட மூதி நானு!" என்று தன் தலையில் தானே அடித்துக்கொள்வார்.

அந்தக் காகிதம் அவரோடு நிற்கவில்லை. ஆலையில் அவருக்குப் பெயரே 'கொப்பரிகாய சிலாஸ்' என்றாகிவிட்டது. கொப்பரிகாய என்றால் தெலுங்கில் தேங்காய். பஸ்ஸில் ஏறினால் யாராவது ஒருவன், "அண்ணா, சட்னியா?" என்பான். அப்பா திருப்பி அடிப்பார், அல்லது அடி வாங்குவார். ஆனால் அம்மா யாரை அடிப்பாள்? என் அம்மா ஜெயசுந்தரி, செகந்திராபாத் தமிழ்க் கோயிலில் பெண்கள் சங்கத்துச் செயலாளர். புருஷனை அரிவாள் பிடிக்கவைத்து விரலை வாங்கியவள் என்று அங்கே அவளைப் பார்த்தார்கள். போதகரின் மனைவி ஐயரம்மா ஒரு நாள் கூட்டத்தில், "இந்தச் சகோதரிக்குப் பொறுமையையும் அடக்கத்தையும் தாரும்" என்று அவள் பெயரைச் சொல்லியே ஜெபம் பண்ணினாராம். அம்மா அன்றோடு செயலாளர் வேலையை விட்டாள். வீட்டில் முழுத் தேங்காய் வாங்குவதையும் விட்டாள். எங்கள் ஊர்ப்பக்கத்துக் குழம்பைத் தேங்காய் அரைக்காமல் வைத்துச் சாப்பிட்டுப் பாருங்கள், அப்போது தெரியும் அந்தக் கோபம்.

படத்துக்கு வருகிறேன். மந்திரி வருவதற்கு முந்தின நாள் டில்லியிலிருந்து சர்க்கார் படப்பிடிப்பு ஆட்கள் வந்தார்கள். மந்திரியின் உயரத்துக்கு ஓர் ஆள் வேண்டும், வெளிச்சமும் தூரமும் பார்க்க வேண்டும் என்றார்கள். ஆலை முழுக்கத் தேடிவிட்டு, "சிலாஸ் சும்மாதானே உட்காந்திருக்கான், உயரமும் சரியா இருக்கு" என்று அப்பாவை இழுத்துவந்தார்கள். கதர் ஜிப்பா போட்டு, தோளில் சால்வை போர்த்தினார்கள். அப்புறம், ஆஸ்பத்திரிக்குக் காகிதம் கொண்டுவந்த அந்த அதிகாரி கையைப் பார்த்தார். "மந்திரி கைல கட்டு இருக்காது, அவுத்துடு" என்றார்.

கேட்டீர்களா? ஒத்திகைக்கு வந்த ஆளின் கையில்கூடக் கட்டு இருக்கக் கூடாதாம். புண் சரியாக ஆறியிருக்கவில்லை. அவிழ்த்தார்கள்.

போர்டில் மறுநாளுக்கான முந்நூறை அன்றே மாட்டியிருந்தார்கள். அப்பா ஷெட் வாசலிலிருந்து நடந்துபோய்ப் பச்சைப் பொத்தானை அழுத்தினார். பம்ப் ஓடியது. முதன்முதலில் ஓடியதே அன்றுதான், அதைப் பூட்டியவரின் கையால். அப்பாவுக்குத் தான் மந்திரி என்பது மறந்துபோய்விட்டது. பழக்க தோஷம், வலது கையை பம்பின் மேல் ஊன்றி, குனிந்து காதைக் கொடுத்தார். கேமராக்காரர் பின்னாலிருந்து அதை எடுத்தார். மேலே கண்ணாடிக் கூரையிலிருந்து வெயில் சாய்ந்து விழுந்துகொண்டிருந்ததாம், அழகாக இருந்ததாம்.

மறுநாள் மந்திரி சாயங்காலம் ஐந்து மணிக்கு வந்தார். வாசலில் ரிப்பன் வெட்டினார், மேடையில் இருபது நிமிஷம் உட்கார்ந்தார், விமானத்துக்கு நேரமாயிற்று என்று கிளம்பிவிட்டார். ஷெட்டுக்குள் காலே வைக்கவில்லை. பம்பை அவர் பார்க்கவே இல்லை.

ஆனால் படம் வந்தது. மேடையில் மந்திரியின் முகம், அடுத்து பம்பின் முன்னால் மந்திரியின் முதுகு. செகந்திராபாத் தியேட்டரில் பெரிய படத்துக்கு முன்னால் போட்டார்கள். அப்பா எழுந்து நின்று, "ஏ, அது நாமுல்லா!" என்று கத்தினார். பின்னாலிருந்தவர்கள் உட்காரச் சொல்லித் திட்டினார்கள். எனக்கு நன்றாக ஞாபகமிருக்கிறது.

அதற்குப் பிறகு அந்த ஏழெட்டு விநாடி போகாத படமில்லை. விவசாயம், மின்சாரம், ஐந்தாண்டுத் திட்டம், சுதந்திரத்தின் பொன்விழா, எதுவானாலும் என் அப்பா குனிந்து காது கொடுத்துக்கொண்டிருப்பார். 'கேட்கும் தலைவர்' என்று அதற்குப் பெயரே வைத்துவிட்டார்கள். ஜனங்களின் குரலை மட்டுமில்லை, இயந்திரத்தின் குரலையும் கேட்பாராம்! அந்த மனுஷர் எதைக் கேட்டார்? ஆலையை மூடாதே என்று இருநூறு பேர் டில்லி போய் அவர் வீட்டு வாசலில் நின்றபோது காது எங்கே போயிற்று? ஆலையை மூடியதைப் பற்றி யாரும் ஆவணப்படம் எடுக்கவில்லை.

நான் ஷெர்லி. இங்கேயே பிறந்து இங்கேயே படித்தவள். என் வயதுப் பிள்ளைகளுக்குத் தமிழ் எழுத்துத் தெரியாது. என்னை மட்டும் அப்பா ஞாயிறுதோறும் கோயிலில் வேதபாடம் வாசிக்க நிறுத்தினார். ஒரு சொல் தடுமாறினால் வீட்டில் சோறு கிடையாது. அந்தப் பயத்தில் வந்த தமிழ்தான் இன்றைக்கு என் பிழைப்பு. கிருஷ்ணா நகரில் ஒரு ஸ்டூடியோவில் தமிழ்ப் பிரதியை எழுதுவதும் நான்தான், வாசிப்பதும் நான்தான், தப்பு இருக்கிறதா என்று சரிபார்ப்பதும் நான்தான். மூன்று பேருக்குக் கொடுக்க வேண்டிய வேலையை ஒருத்தி தலையில் கட்டுவது அவர்கள் வழக்கம்.

போன மாதம் தலைவரின் நூற்றாண்டு வந்தது. எட்டு மொழியில் பெரிய ஆவணப்படம். பழைய பிலிமையெல்லாம் கம்ப்யூட்டரில் கழுவித் துடைத்துப் பளபளவென்று வைத்திருந்தார்கள். ரெக்கார்டிங் ஸ்ரீனிவாஸ் படத்தை ஓடவிட்டார். நான் கண்ணாடிக்கு இந்தப் பக்கம் காகிதத்தோடு நின்றேன். 'கேட்கும் தலைவர்' வந்தது. இந்தத் தடவை அந்தக் கையைத் தனியாகத் திரை முழுக்கப் பெரிதாக்கியிருந்தார்கள். முப்பத்தொன்பது வருஷமாக மங்கலாக இருந்த கை இப்போது நகக்கண் வரை தெரிந்தது. மோதிர விரல் பாதியில் நின்றது. தையல் போட்ட இடம்கூடத் தெரிந்தது. பின்னால் போர்டில் முந்நூறு.

"ஸ்ரீனிவாஸ், நிறுத்துங்க!" என்று கத்திவிட்டேன். விபத்தே இல்லாத முந்நூறு நாள், அதற்கு முன்னால் தையல் ஆறாத ஒரு கை. அந்தக் காகிதம் பொய் என்பதற்கு உலகத்தில் இருக்கிற ஒரே சாட்சி கண்ணுக்கு முன்னால் நிற்கிறது. வேலைகளை ஒருங்கிணைக்கிற ரோகிணி ஓடிவந்தாள். அவளிடம் எல்லாவற்றையும் கொட்டிவிட்டேன். எங்கள் அப்பா சிலாஸ், அந்தக் கை, கட்டை அவிழ்த்தது, தேங்காய், எல்லாவற்றையும்.

"நிஜமா மேடம்? ஓ மை காட்" என்று ரோகிணி உடனே டில்லிக்குப் போன் போட்டு ஸ்பீக்கரில் வைத்தாள். இயக்குநர் ஹிந்தியில் மிக மரியாதையாகப் பேசினார். நல்லவேளை நீங்கள் பார்த்தீர்கள், வெளியே போயிருந்தால் எங்களைக் கிழித்துத் தொங்கவிட்டிருப்பார்கள், கிராஃபிக்ஸில் ஒரு விரல் வைத்துவிடுகிறோம், இரண்டு நாள் போதும், உங்கள் அப்பாவுக்கு என் நமஸ்காரம் சொல்லுங்கள் என்றார்.

"சார், நான் சொல்ல வந்தது அது இல்லை" என்றேன்.

தலைவருக்கு விரல் இல்லை என்று ஜனங்கள் பேசினால் நன்றாகவா இருக்கும் மேடம் என்று கேட்டுவிட்டுப் போனை வைத்தார்.

செருப்பால் என்னையே அடித்துக்கொள்ள வேண்டும் போலிருந்தது. வாயை மூடிக்கொண்டு இருந்திருந்தால் அந்த விரல் எட்டு மொழியிலும் போயிருக்கும். யாராவது ஒருத்தர் கேட்டிருப்பார்கள். நானே போய்க் காட்டிக்கொடுத்து, நானே அழிக்கவைத்தேன்.

வீட்டுக்குப் போய்ச் சொன்னேன். அப்பா ஃபேன் சத்தத்தைக் கேட்பதுபோல் உட்கார்ந்திருந்தார். அம்மாதான் பிடித்துக்கொண்டாள்.

"ஒனக்கு யாருட்டி சொல்லச் சொன்னா? முப்பத்தொம்பது வருசம்! நான் அரிவாளத் தூக்கிக் குடுத்தவன்னு ஊரே சொல்லிச்சு. செத்தாலும் பெட்டிகிட்ட நின்னு அதத்தான் சொல்லுவாளுவ. இருந்த ஒரு சாட்சியையும் நீயே கொண்டுபோய்க் குடுத்துட்டு வந்து நிக்கியே, சண்டாளி!"

"தெரியாமச் சொல்லிட்டேம்மா."

"தெரியாமயா? அப்பனுக்குப் புள்ளதான நீ. அவிய கைநாட்டு வச்சாவ, நீ வாயால வச்சிட்ட."

அது சுருக்கென்று தைத்தது.

இரண்டு நாள் கழித்து ஸ்டூடியோவில் மறுபடி அந்தக் காட்சி. விரல் வந்துவிட்டது. நல்ல நீளமாக, நகத்தோடு, கரி எண்ணெய் எதுவும் படாத விரல். ரோகிணி, "பெர்ஃபெக்ட் கதா மேடம்?" அச்சாக இருக்கிறதல்லவா என்று கேட்டுவிட்டு வேறு அறைக்குப் போனாள். என் காகிதத்தில் இருந்தது இது: 'இயந்திரத்தின் இதயத் துடிப்பைக் காது கொடுத்துக் கேட்கிறார் தலைவர். அந்தக் கை தொட்ட இடத்தில் தேசம் நிமிர்ந்தது.' ஒன்பது விநாடி. ஒன்பது விநாடியைத் தாண்டக் கூடாது, அது ஒன்றுதான் அவர்களுக்குக் கணக்கு. தமிழில் என்ன சொல்கிறேன் என்று பார்க்க அங்கே என்னைத் தவிர ஆளில்லை. காகிதத்தைக் கவிழ்த்து வைத்தேன். சிவப்பு விளக்கு எரிந்ததும், வேதபாடம் வாசிக்கிற குரலில், அவசரப்படாமல் சொன்னேன். ஒன்பதாவது விநாடியில் முடித்தேன்.

ஸ்ரீனிவாஸ் கண்ணாடி வழியாக என்னையே பார்த்தார். அவருக்குத் தமிழ் தெரியாது. ஆனால் பெயருக்கு மொழி ஏது?

"மேடம், சிலாஸ் அண்டே மீ நான்னகாரு கதா?" உங்கள் அப்பாதானே என்கிறார்.

"ஹவ்" என்றேன், ஹைதராபாத் பேச்சில் ஆமாம் என்று.

கொஞ்ச நேரம் தாடையைச் சொறிந்தார். "இன்னொக்கசாரி செப்தாரா?" இன்னொரு தடவை சொல்கிறீர்களா என்று கேட்டார். நான் காகிதத்தில் இருப்பதைப் படிக்க அவர் கொடுத்த வாய்ப்பு அது.

"நக்கோ." வேண்டாம் என்றேன்.

"ஓகே மேடம்" என்று பதிவைச் சேமித்துவிட்டு, டீ குடிக்கப் போனார்.

ஞாயிற்றுக்கிழமை பதினோரு மணிக்குத் தமிழில் ஒளிபரப்பு. காலை ஆராதனை முடிந்து வந்து மூன்று பேரும் டிவி முன்னால் உட்கார்ந்தோம். நான் அவர்களிடம் எதுவும் சொல்லவில்லை. தலைவர் பூத் தூவினார், கதிர் தடவினார், ஹெலிகாப்டரில் பறந்தார். அப்பா ஒவ்வொன்றுக்கும் ஒரு வசவு வைத்திருந்தார். பிறகு அந்த முதுகு வந்தது. கை வந்தது. அப்பா தன் வலது கையைத் தூக்கி டிவிக்கு நேராகப் பிடித்துப் பார்த்தார். அங்கே ஐந்து விரல், இங்கே நாலரை.

என் குரல் கேட்டது.

'இவர் தலைவர் அல்ல, ஃபிட்டர் சிலாஸ். விரல் போனது ஆலையில், தேங்காய் வெட்டி அல்ல. படத்தில் இருப்பது ஒட்டு விரல்.'

படம் அதுபாட்டுக்கு அணைக்கட்டுக்குப் போய்விட்டது. அப்பா கையைக் கீழே போடவில்லை.

"எனக்கு வைக்காத விரல அவனுக்கு வச்சிருக்கானுவ பாத்தியா" என்றார். குரல் உடைந்துவிட்டது. கோபத்தில் உடைந்ததா வேறெதிலா என்று நான் திரும்பிப் பார்க்கவில்லை, பார்த்தால் நானும் அழுதுவிடுவேன்.

அம்மா புடவைத் தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டிருந்தாள். "என்ன சொன்ன? என்னட்டி சொன்ன இப்ப? தேங்காயின்னு சொன்னியா டிவில?"

"சொன்னேம்மா."

"எல்லாரும் கேட்டிருப்பாளுவளா?"

அதற்குள் என் போன் அடித்தது. ரோகிணி. தமிழ்நாட்டிலிருந்து யாரோ கூப்பிட்டிருக்க வேண்டும். இனி அந்த ஸ்டூடியோவில் எனக்கு வேலை இல்லை என்று தெரிந்துதான் எடுத்தேன். "மேடம், மீரு ஏம் செப்பாரு? தமிழ்லோ ஏம் செப்பாரு?" என்று அலறினாள். என்ன சொன்னீர்கள், என்ன சொன்னீர்கள் என்று அதையே கேட்டுக்கொண்டிருந்தாள்.

நான் வாயைத் திறப்பதற்குள் அம்மா போனைப் பிடுங்கிவிட்டாள். ஐம்பது வருஷமாகக் காய்கறிக்காரர்களிடம் மட்டும் பேசிவந்த தெலுங்கில், பெண்கள் சங்கத்துக்கும் ஐயரம்மாவுக்கும் டில்லிக்கும் கேட்கிற மாதிரி கத்தினாள்.

"கொப்பரிகாய காதம்மா! மிஷன்! மிஷன்!"

தேங்காய் இல்லையம்மா, இயந்திரம் என்று மூன்று தடவை சொல்லிவிட்டுத்தான் போனை என்னிடம் கொடுத்தாள்.